எவே, மினா, ஃபோன்: ஒரே மொழியா, வேறு வேறா?

கேள்வி இதுதான்: "என் தம்பிக்கு டோகோவின் தலைநகர் லோமேயில் வேலை கிடைத்திருக்கிறது. அங்கே எவே மொழி பேசுகிறார்கள் என்கிறார் ஒருவர். இல்லை, மினா என்கிறார் இன்னொருவர். பக்கத்து நாடான பெனினில் ஃபோனாம். தேடிப் பார்த்தால் எல்லாவற்றுக்கும் ‘க்பே மொழிகள்’ என்று ஒரு பெயர் வருகிறது. இவை ஒரே மொழியின் வட்டார வழக்குகளா, தனித்தனி மொழிகளா? அவன் எதைக் கற்றுக்கொள்வது?"

வட்டார வழக்கு எது, தனி மொழி எது என்று பொதுவாகக் கேட்டால் மழுப்பலாகத்தான் பதில் வரும். ஆனால் இந்தக் குறிப்பிட்ட இடத்தை வைத்துக் கேட்டால் நன்றாகவே சொல்லலாம்.

கானாவின் கிழக்கே வோல்டா ஆறு கடலில் கலக்கும் இடத்திலிருந்து தொடங்குங்கள். கடலோரமாகவே கிழக்கு நோக்கி நடந்தால் டோகோவின் தெற்கு, பெனினின் தெற்கு, கடைசியில் நைஜீரியாவின் படாக்ரி. இவ்வளவு தூரமும் ஒரு சங்கிலி. ஒவ்வொரு ஊர்க்காரருக்கும் அடுத்த ஊர்ப் பேச்சு புரியும். கொஞ்சம் சிரிப்பார்கள், அவ்வளவுதான். ஆனால் மேற்கு முனையில் இருப்பவரைக் கொண்டுபோய் பெனினின் அபோமே நகரச் சந்தையில் நிறுத்தினால் விலை கேட்கவே திண்டாடுவார். சங்கிலியை எங்கே வெட்டினால் ‘மொழி’ என்று பெயர் வரும் என்பதைப் பெரும்பாலும் மதபோதகர்களின் அச்சகமும், துறைமுக வியாபாரமும், ஐரோப்பியர் கிழித்த எல்லைக்கோடும் முடிவு செய்திருக்கின்றன. பேசுகிறவர்களின் நாக்குக்கு இதில் பங்கு குறைவுதான்.

பெயரிலிருந்தே வருவோம். ‘க்பே’ என்றால் குரல், பேச்சு, மொழி. எவேக்பே, ஃபோன்க்பே, கென்க்பே, அஜாக்பே என்று எல்லோருமே தங்கள் மொழியின் பெயருக்குப் பின்னால் இதை ஒட்டிக்கொள்கிறார்கள். முன்பு இந்தக் கூட்டம் முழுவதையும் ‘எவே’ என்றே ஐரோப்பிய அறிஞர்கள் எழுதிவந்தார்கள். ஃபோன் பேசுபவருக்கு இது எப்படி இருக்கும்? தமிழ், மலையாளம், கன்னடம் எல்லாவற்றையும் சேர்த்து ஒரு வெளியூர்க்காரர் ‘மலையாளம்’ என்று எழுதிவைத்தது போல. 1980இல் கோட்டனு நகரில் நடந்த மேற்கு ஆப்பிரிக்க மொழிகள் மாநாட்டில், ஹூன்க்பாட்டி காபோ என்ற பெனின் நாட்டு மொழியியலாளர், எல்லாருக்கும் பொதுவான ‘க்பே’ என்ற சொல்லையே குழுப் பெயராக வைத்துக்கொள்ளலாம் என்றார். அது நிலைத்துவிட்டது. வெளியிலிருந்து ஒரு பெயரைக் கொண்டுவந்து ஒட்டாமல், உள்ளேயே கிடந்த சொல்லை எடுத்தார் பாருங்கள், எனக்குப் பிடித்தது அதுதான்.

காபோ ஐம்பதை ஒட்டிய வழக்குகளைப் பார்த்து ஐந்து கொத்துகளாகப் பிரித்தார்: எவே, கென், அஜா, ஃபோன், ஃப்லா–ஃபெரா. மேற்கே எவே. அதற்குள்ளேயே கடலோரக் கேட்டா, அன்லோகா பக்கத்து அன்லோ, வோல்டா ஆற்றோரத்துத் தோங்கு, உள்நாட்டில் ஹோ, க்பாண்டோ ஊர்ப் பேச்சுகள், டோகோவில் வாச்சி என்று பல உண்டு. கென் என்பதுதான் உங்கள் தம்பி கேட்கப்போகிற மினா. அஜா மோனோ ஆற்றின் இருபுறமும். ஃபோன் கொத்தில் அபோமேயின் ஃபோனும், போர்ட்டோ-நோவோவிலும் படாக்ரியிலும் பேசும் குன் மொழியும் பெரியவை. ஐந்தாவது கொத்து காயல் ஓரங்களில் சிதறிக் கிடக்கிறது. ஏரிக்கு நடுவே கால் நட்டு வீடு கட்டி வாழும் கன்வியே ஊரின் தோஃபின் மொழியை வழக்கமாக அதில்தான் சேர்ப்பார்கள். பிறகு வந்த ஆய்வுகள் இந்த எல்லைகளை மாற்றிப் போட்டன. குறிப்பாக, குன் எந்தப் பக்கம் சேரும் என்பதில் கருத்து வேறுபாடு உண்டு. சங்கிலி என்றால் அப்படித்தான்.

இப்போது ‘க்பே’ என்று நான் எழுதியதை நீங்கள் எப்படி வாசித்தீர்கள்? ‘க்’ சொல்லி, அப்புறம் ‘பே’ சொல்லியிருப்பீர்கள். அது தவறு. அடிநாக்கும் இரண்டு உதடுகளும் ஒரே நேரத்தில் அடைத்து, ஒரே நேரத்தில் திறக்க வேண்டும். அது ஒரே மெய்யெழுத்து. அதிலும் இரண்டு வகை. ‘பக்கம்’ என்பதின் க, ‘கப்பல்’ என்பதின் ப இரண்டும் சேர்ந்தது ஒன்று. ‘கங்கை’யின் இரண்டாவது க, ‘அம்பு’வின் ப இரண்டும் சேர்ந்தது மற்றொன்று. எவேயில் முதலாவதை வைத்துச் சொன்னால் கல், இரண்டாவதை வைத்துச் சொன்னால் குரல். தமிழ் எழுத்தில் இரண்டையும் ‘க்பே’ என்றுதான் எழுத முடிகிறது. நம் எழுத்தின் குறை என்று சொல்லமாட்டேன், அதற்கு அந்தத் தேவை வந்ததில்லை.

இன்னொரு இடத்தில் நமக்குக் கொஞ்சம் அதிர்ஷ்டம். ‘பந்து’வின் த ஒலியும் ‘வண்டி’யின் ட ஒலியும் அங்கே வேறு வேறு எழுத்துகள், முதலாவதில் தொடங்கி ‘து’ என்றால் ஊர், இரண்டாவதில் தொடங்கி ‘டு’ என்றால் சாப்பிடு. ஆங்கிலம் மட்டும் தெரிந்தவர்கள் இதில் தடுமாறுவார்கள். நாம் ஒரு நாளில் பிடித்துவிடலாம்.

அதிர்ஷ்டம் அங்கேயே தீர்ந்துவிடுகிறது. எவேயில் பல்லும் உதடும் உரசும் வ ஒன்று, இரண்டு உதடுகளே உரசும் வ இன்னொன்று. மெழுகுவர்த்தியை மெதுவாக ஊதி அணைப்பது போல உதட்டை வைத்துக்கொண்டு ‘எவே’ என்றால் மொழியின் பெயர். கீழுதட்டைப் பல்லில் வைத்து ‘எவே’ என்றால் ‘இரண்டு’. ‘எனக்கு எவே தெரியும்’ என்று பெருமையாகச் சொல்லப்போய், ‘எனக்கு இரண்டு தெரியும்’ என்று முடியும். உலக மொழிகளில் இந்த இரண்டு ஒலிகளையும் ஒரே மொழி வேறுபடுத்துவது அபூர்வம். ஒலியியல் பாடப்புத்தகங்களில் எவே அடிக்கடி தலைகாட்டுவதற்கு இதுவே காரணம்.

இதோடு சுரமும் உண்டு. ஃபோனில் ‘தோ’ என்பதை உயர்த்திச் சொன்னால் அப்பா, தாழ்த்திச் சொன்னால் ஆறு அல்லது காயல். இந்த இரண்டாவது ‘தோ’வை நினைவில் வைத்துக்கொள்ளுங்கள். கோட்டனு என்ற ஊர்ப்பெயரைப் பிரித்தால் கு, தோ, னு: சாவு, ஆறு, வாய். ‘சாவு ஆற்றின் முகத்துவாரம்’. டோகோ என்ற நாட்டின் பெயரும் ஏரிக்கரையில் இருக்கும் ‘டோகோவில்’ (Togoville) என்ற சிற்றூரிலிருந்து வந்தது. ‘தோ’ நீர், ‘கோ’ கரை என்பதுதான் பொதுவாகச் சொல்லப்படும் விளக்கம். ஆக பெனினின் பெரிய நகரத்தின் பெயரிலும் டோகோ நாட்டின் பெயரிலும் ஓடுவது ஒரே தண்ணீர்.

சரி, உறவு எவ்வளவு நெருக்கம்? சொற்களை அடுத்தடுத்து வைத்துப் பார்த்தால் தெரியும். எவேயில் ‘வா’ என்றால் வருவது (நம் ‘வா’வேதான், ஆனால் தற்செயல், யாரும் கட்டுரை எழுதக் கிளம்பிவிட வேண்டாம்). ஃபோனில் அது உதட்டைக் குவித்துச் சொல்லும், ஆங்கில டபிள்யூ போன்ற ‘வா’. எவேயில் இரண்டு ‘எவே’ என்றால் ஃபோனில் அதே குவிந்த ‘வே’. அங்கே தண்ணீர் ‘த்ஸி’, இங்கே ‘சின்’. அங்கே ‘எத்ஸோ’, இங்கே ‘சோ’. இந்தச் சொல் நேற்றையும் குறிக்கும், நாளையையும் குறிக்கும், இந்தி ‘கல்’ போல. எவேயின் ‘த்ஸ’ ஃபோனில் ‘ச’ ஆகிறது. ஒரு சொல்லில் மட்டும் இப்படி என்றால் கடன் வாங்கியது எனலாம். சொல்லுக்குச் சொல் அதே விதி திரும்ப வந்தால் அது ரத்த உறவு.

ரத்தம் என்றதும் ஞாபகம் வருகிறது. எவேயில் உதடு உரசும் அந்த ‘வு’ என்ற சொல் ரத்தம், மேளம், வண்டி, திற என்று பல பொருளில் வரும், சுரம் மாறும். ஃபோனில் அத்தனை பொருளுக்கும் ‘ஹுன்’. ஒரு சொல் ஒத்துப்போவது பெரிதல்ல. ஒன்றுக்கொன்று சம்பந்தமில்லாத ஒரு மூட்டைப் பொருள்கள் அப்படியே சேர்ந்து மாறியிருக்கின்றன. அதே மாதிரி, எவேயில் இரு உதடும் சேர்த்து ஊதும் ‘ஃபே’ என்றால் வருடம், ‘அஃபே’ என்றால் வீடு. ஃபோனில் இரண்டும் தொண்டையைக் கொஞ்சம் காறிச் சொல்லும் ‘ஹ்வே’. வயலுக்கு எவேயில் ‘அக்ப்லே’, ஃபோனில் ‘க்லே’. அடிமை வியாபாரத்தால் பேர்பெற்ற வீதா துறைமுகத்துக்கு ஃபோன்காரர்கள் வைத்திருக்கும் பெயர் ‘க்லேஹ்வே’, அதாவது வயல்வீடு. இந்த விதி தெரிந்த எவேக்காரர் அந்தப் பெயரைப் பிரித்துப் புரிந்துகொள்ளலாம். தெரியாதவருக்கு அது வெறும் சத்தம்.

அதே சமயம் எண்களைப் பாருங்கள். நான்கு இரண்டிலும் ‘எனே’. மூன்று எவேயில் ‘எத்தோன்’, ஃபோனில் ‘அத்தோன்’. ஐந்து எவேயில் ‘அத்தோன்’, ஃபோனில் கொஞ்சம் இழுத்து ‘அத்தோஓன்’. எவே பழக்கத்தில் ஐந்து என்று நினைத்துக் கேட்டால் ஃபோன் சந்தையில் மூன்று கிடைக்கும் அபாயம் உண்டு. ஆறிலிருந்து வழியே பிரிகிறது. எவேயில் அதே, அத்ரே, எஞி, அசியெக்கே என்று தனித்தனிப் பெயர்கள். ஃபோனில் ஆறு ‘அயிசேன்’. ஏழு ‘தேன்வே’, எட்டு ‘தான்தோன்’, ஒன்பது ‘தேன்னே’. வால்களைக் கவனியுங்கள்: வே, தோன், னே. இரண்டு, மூன்று, நான்கு! ஐந்துக்கு மேல் இரண்டு, ஐந்துக்கு மேல் மூன்று என்று கை விரலில் எண்ணும் கணக்கு அது. சந்தையில் எண்ணே வேறு என்றால், மொழியியலாளர் எவ்வளவுதான் உறவு சொன்னாலும் வாங்குகிறவர் ‘அது வேறு மொழி’ என்றுதான் சொல்வார். அவர் சொல்வதும் சரிதான்.

எழுத்தும் இந்தப் பிரிவைப் பெரிதாகக் காட்டுகிறது. மூக்கொலியை எவேயில் உயிரெழுத்தின் தலையில் ஒரு நெளிகோடு போட்டுக் காட்டுவார்கள். ஃபோனில் பின்னால் ஒரு ‘என்’ எழுத்து. எவேயில் ரோமன் எழுத்தைக் கொஞ்சம் மாற்றி ƒ, ʋ போன்ற தனி வடிவங்கள் உண்டு. நைஜீரியப் பக்கம் குன் மொழியை எழுதும்போது அங்குள்ள யொரூபா மொழி மாதிரி எழுத்தின் அடியில் புள்ளி. காதில் நெருக்கமாக விழுவது காகிதத்தில் தூரத்து உறவு ஆகிவிடுகிறது.

இது எப்படி நேர்ந்தது? ஜெர்மனியின் பிரேமன் நகர மிஷன் 1847இல் இன்றைய கானாவின் பெக்கி ஊருக்கு வந்தது. அவர்களில் ஒருவரான ஷ்லேகல் 1857இல் எவே இலக்கணம் ஒன்றை வெளியிட்டார். கடலோரத்தில் கால் ஊன்றியதால் அன்லோ வழக்கை அடிப்படையாக எடுத்து, உள்நாட்டு வழக்குகளிலிருந்தும் கொஞ்சம் சேர்த்து ஒரு புத்தக எவே உருவானது. பைபிள், பாட்டுப் புத்தகம், பள்ளிப் பாடம் எல்லாம் அதில். டீட்ரிஷ் வெஸ்டர்மன் 1905இல் அகராதியும் 1907இல் பெரிய இலக்கணமும் எழுதி அதை உறுதியாக்கினார். யாரும் பிறந்த வீட்டில் அந்த எவேயை அப்படியே பேசுவதில்லை. ஆனால் அன்லோகாரரும் ஹோ ஊர்க்காரரும் வாச்சிக்காரரும் ‘நாங்கள் எல்லாம் எவே’ என்று சொல்ல அது உதவியது. ஃபோனுக்கு இப்படி ஓர் அச்சகம் அவ்வளவு சீக்கிரம் வாய்க்கவில்லை. ஆனால் தஹோமே என்ற பலமான அரசு இருந்தது. அபோமே அரண்மனையின் பேச்சு அதனாலேயே பரவியது.

அதற்கும் முந்தைய கதையை அந்த மக்களே சொல்கிறார்கள். மோனோ ஆற்றங்கரையில் இருக்கும் தாதோதான் பொதுத் தாய்வீடு. அங்கிருந்து ஒரு கிளை கிழக்கே அலாடாவுக்குப் போய், அதிலிருந்து அபோமேயும் போர்ட்டோ-நோவோவும் பிரிந்தன. இன்னொரு கிளை மேற்கே நோட்சேவுக்குப் போனது. நோட்சேவில் அகோகோலி என்ற அரசன் கொடுமைக்காரன். ஊரைச் சுற்றி உயரமான மண்மதில். பெண்கள் தினமும் பாத்திரம் கழுவிய, துணி துவைத்த தண்ணீரை மதிலின் ஒரே இடத்தில் ஊற்றி ஊற்றி ஊறவைத்தார்களாம். ஒரு நாள் இரவு மேளச் சத்தத்துக்கு நடுவே அந்த இடத்தைத் துளைத்து வெளியேறினார்கள். துரத்துகிறவனை ஏமாற்றப் பின்பக்கமாக நடந்தார்கள், காலடித் தடம் ஊருக்குள் வருவது போலத் தெரியட்டும் என்று. அன்லோகாவில் 1962 முதல் ஒவ்வொரு நவம்பரிலும் ஹோக்பெட்சோட்சோ என்ற விழா எடுத்து இதைக் கொண்டாடுகிறார்கள். கதையில் எவ்வளவு வரலாறு என்பது தனிக் கேள்வி. மொழிகளின் வரைபடமும் கிட்டத்தட்ட இந்தப் பாதையிலேயே விரிகிறது என்பது மட்டும் கவனிக்கத்தக்கது.

மினாவின் கதை வேறு. 17ஆம் நூற்றாண்டில் இன்றைய கானாவின் அக்ரா, எல்மினா பக்கமிருந்து வந்தவர்கள் டோகோ கரையில் அனேஹோ ஊரில் குடியேறினார்கள். ‘மினா’ என்ற பெயரே எல்மினாவிலிருந்து வந்ததுதான். வந்தவர்கள் உள்ளூர் க்பே பேச்சை எடுத்துக்கொண்டு துறைமுக வியாபாரத்தில் வளர்த்தார்கள். இப்போது லோமேயின் சந்தை மொழி அதுதான். ஆகவே உங்களிடம் பேசிய இருவருமே பொய் சொல்லவில்லை. பள்ளியிலும் தேவாலயத்திலும் எவே, தெருவில் மினா. ஒரே ஆள் காலையில் ஒன்றும் மாலையில் மற்றொன்றும் பேசுவார்.

எல்லைக்கோடு கடைசியாக வந்தது. 1884 ஜூலையில் ஜெர்மனிக்காக நாக்டிகல் டோகோவில் ஊரில் ஒப்பந்தம் செய்தார். முதல் உலகப் போருக்குப் பின் அந்த ஜெர்மன் டோகோலாந்தைப் பிரிட்டனும் பிரான்சும் பங்கு போட்டன. எவே மக்களை ஒரே ஆட்சியில் சேர்க்க வேண்டும் என்று 1940களில் பெரிய இயக்கமே நடந்தது; பின்னாளில் டோகோவின் முதல் குடியரசுத் தலைவரான சில்வானஸ் ஒலிம்பியோ அதில் முன்னின்றவர். 1956 வாக்கெடுப்பில் பிரிட்டிஷ் பகுதி கானாவுடன் போனது. லோமே நகரம் எல்லையை ஒட்டியே இருக்கிறது. சோதனைச்சாவடி தாண்டினால் அஃப்லாவ், கானா. இந்தப் பக்கம் எவேக்குள் பிரெஞ்சுச் சொற்கள், அந்தப் பக்கம் ஆங்கிலச் சொற்கள். 1975இல் டோகோ எவேயையும் வடக்கின் கபியேயையும் தேசிய மொழிகளாக அறிவித்தது. அலுவல் என்னவோ இன்றும் பிரெஞ்சில்தான்.

கடல் தாண்டியும் இந்த மொழிகள் போயின, விரும்பிப் போகவில்லை. அடிமைக் கப்பல்களில் ஏற்றப்பட்டவர்களோடு போயின. பிரேசிலின் தங்கச் சுரங்கப் பகுதியில் 1741இல் அந்தோனியோ த கோஸ்டா பெய்ஷோட்டோ என்ற போர்த்துகீசியர், அடிமைகள் பேசிய ‘மினா மொழி’யின் சொற்களையும் வாக்கியங்களையும் ஒரு கையேடாக எழுதிவைத்தார். எஜமானர்கள் அடிமைகள் பேசுவதைப் புரிந்துகொள்ளத்தான். நோக்கம் நல்லதல்ல, ஆனால் 18ஆம் நூற்றாண்டு க்பே பேச்சு எப்படி இருந்தது என்பதற்கு அது ஒரு அரிய சாட்சி. அதற்கும் முன்னால் 1658இல் ஸ்பெயினில் அலாடா மொழியில் ஒரு ஞானோபதேசம் அச்சானது. அதில் கடவுளுக்கு ‘வோது’ என்றும் இயேசுவுக்கு உள்ளூர்த் தெய்வமான ‘லிசா’வின் பெயரும் போட்டிருந்தார்கள். ஆம், சினிமாவில் ஊசி குத்திய பொம்மையோடு வரும் அந்த ‘வூடூ’ இந்தச் சொல்தான். அங்கே அதற்குத் தெய்வம் என்றே பொருள். பொம்மையை மறந்துவிடுங்கள், தம்பியிடமும் சொல்லி வையுங்கள்.

இலக்கணத்தில் ஒன்றே ஒன்று சொல்கிறேன், தமிழருக்கு அது இனிக்கும். ‘கோஃபி, அவன் கிளம்பிவிட்டதாகச் சொன்னான்’ என்றால் கிளம்பியது கோஃபியா, வேறு ஆளா? தமிழில் ‘தான் கிளம்பிவிட்டதாக’ என்று போட்டால் குழப்பம் தீர்ந்தது. எவேயிலும் அப்படியே: ‘கோஃபி பே யே த்ஸோ’ என்றால் தான் கிளம்பினதாக; ‘கோஃபி பே எ த்ஸோ’ என்றால் வேறொருவன். இந்த ‘யே’ சொன்னவனையே திரும்பக் குறிக்கும். ஃபோனிலும் குன்னிலும் இதே வேலையை ‘எமி’ செய்கிறது. இதை ஆங்கிலத்தில் விளக்கப் பக்கம் பக்கமாக எழுதியிருக்கிறார்கள். நமக்கு ‘தான்’ என்றால் முடிந்தது.

இனி தம்பிக்கு. லோமேயில் இருக்கப்போகிறார் என்றால் அலுவலகத்துக்குப் பிரெஞ்சு, தெருவுக்கு மினா. மினாவுக்குப் புத்தகமும் காணொளியும் குறைவு, எவேக்கு நிறைய. எனவே எவேயில் தொடங்கட்டும்; லோமேயில் அவர் பேசுவது புரியும், மாதக்கணக்கில் தானாகவே மினா பக்கம் சாய்ந்துவிடும். தண்ணீருக்கு ‘த்ஸி’ என்று படித்துப்போனவர் ‘எசி’ என்று கேட்கத் தொடங்குவார், அவ்வளவுதான். கோட்டனுவுக்கு அடிக்கடி போக வேண்டி வந்தால் ஃபோனைத் தனி மொழியாக எண்ணிப் புதிதாகவே படிக்க வேண்டும், எண்களிலிருந்து. அங்கே வாடகை மோட்டார் சைக்கிளுக்குப் பெயர் ‘செமிஜான்’, ‘என்னைச் சட்டென்று ஏற்றிக்கொள்’ என்று பொருள். ஏறுவதற்கு முன் விலை பேசிவிடச் சொல்லுங்கள், மூன்றா ஐந்தா என்று விரலையும் காட்டி.

போன முதல் நாள் யாராவது ‘வோஎசோ’ என்பார்கள். நல்வரவு என்று அர்த்தம். ‘யோஓ’ என்று இழுத்துப் பதில் சொன்னால் போதும். நன்றிக்கு ‘அக்பே’, அந்த ‘க்பே’யை முன்பு சொன்ன மாதிரி ஒரே அடைப்பில், ‘பக்கம்’ க, ‘கப்பல்’ ப வைத்து.